போருக்குப் போன பெண்ணை மேடைக்குக் கொண்டுவருவது எப்படி?

சென்னையில் கல்லூரி நாடக மன்றங்களும் சிறு அரங்கக் குழுக்களும் குடியரசு நாளையும் விடுதலை நாளையும் ஒட்டிப் பெண் போராளி ஒருவரை மேடையேற்றுவது வழக்கம். வேலு நாச்சியார், குயிலி, ஜான்சி ராணி, கேப்டன் லட்சுமி என்று நால்வரே முறை வைத்து வந்து போவார்கள். திரை விலகியதும் சிவப்பு விளக்கு, பின்னணியில் உடுக்கை, கையில் வாளோ துப்பாக்கியோ ஏந்திய பெண், மூன்று நிமிட வசனம், முடிவில் மரணம் அல்லது வெற்றி. அந்தப் பெண் அன்று காலை எத்தனை மணிக்கு எழுந்தார், என்ன சாப்பிட்டார், யாருடைய கட்டளைக்குக் கீழ்ப்படிந்தார், மாதம் பிறந்தால் அவருக்குச் சம்பளம் வந்ததா என்று நாடகம் எழுதியவரிடம் கேட்டால் பதில் இருக்காது. அப்படியொரு நாடகத்தை எழுதி அரங்கேற்றியவர்களில் நானும் ஒருவன். அதில் நேர்ந்த பிழைகளை இடையிடையே சொல்கிறேன்.

போர்க்காலத்தில் படையில் பணியாற்றிய பெண்ணைப் பற்றி ஓரங்க நாடகமோ குறும்படமோ சிறுகதையோ எழுத முனைவோருக்கான வழிமுறைகள் இவை. எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பது ஒரே ஒரு வேண்டுகோள்: அவருடைய வீரத்தைத் தேடிப் போகும் முன் அவருடைய வேலையைத் தேடிப் போங்கள்.

பணி என்ன என்பதை முதலில் எழுதுங்கள்

ஒரு தாளை எடுத்து ஆண்டு, படைப்பிரிவு, பதவி, அன்றாடப் பணி, மேலதிகாரி என்ற ஐந்து விவரங்களையும் எழுதுங்கள். ஐந்தும் நிரம்பும் வரை வசனத்தில் கை வைக்க வேண்டாம். ‘இராணுவத்தில் இருந்தார்’ என்ற இரண்டு சொற்களுக்குள் செவிலியரும், தொலைபேசி இயக்குநரும், வண்டி ஓட்டுநரும், உளவுப் பணியாளரும், துப்பாக்கி ஏந்திய சிப்பாயும் அடங்கிவிடுகிறார்கள் என்பதால், இந்த வேறுபாட்டைத் தெளிவாக்கிக்கொள்ளாத எழுத்து கடைசியில் எல்லாரையும் ஒரே மாதிரி முழக்கமிட வைத்துவிடும்.

சென்னைக்கே உரிய எடுத்துக்காட்டு ஒன்றைச் சொல்கிறேன். 1942 ஏப்ரலில் ஜப்பானிய விமானங்கள் விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும் குண்டு வீசியபோது, அடுத்தது மெட்ராஸ்தான் என்ற அச்சத்தில் நகரத்து மக்கள் டிரங்குப் பெட்டிகளோடு உட்பகுதிக் கிராமங்களுக்குக் கிளம்பினார்கள். அதே மாதத்தில்தான் இந்திய அரசு மகளிர் துணைப்படையைத் தொடங்கியது. அதில் சேர்ந்த பெண்கள் எழுத்தர்களாகவும், தொலைபேசி இணைப்பகங்களிலும், வண்டி ஓட்டுநர்களாகவும், சங்கேதச் செய்திகளைக் கையாள்பவர்களாகவும் பணியாற்றினார்கள். பின்னர் அதன் கடற்படைப் பிரிவும் உருவானது. சேலையையே சீருடையாக உடுத்தி இப்பணியைச் செய்த இந்தியப் பெண்கள் இருந்தார்கள். இவர்களைப் பற்றி நம் மேடையில் ஒரு நாடகம்கூட நான் பார்த்ததில்லை. ஊரே காலி செய்துகொண்டு எழும்பூர் இரயில் நிலையத்தை நோக்கிப் போகும் நாளில், எதிர்த்திசையில் வேலைக்கு நடந்து வரும் ஒரு பெண்ணைக் கற்பனை செய்து பாருங்கள். ஒரு மேசை, ஒரு தொலைபேசிப் பலகை, ஒரே ஒரு நடிகை, செலவும் குறைவு.

உளவுப் பெண் என்று சொன்னவுடன் நம் கண்ணில் நீண்ட கையுறையும் மதுக்கிண்ணமும் வந்து நிற்பதற்குத் திரைப்படங்களே பொறுப்பு. பிரிட்டனின் இரகசிய அமைப்புக்காக 1943 ஜூனில் பிரான்சுக்கு அனுப்பப்பட்ட நூர் இனாயத் கான் செய்தது வானொலிக் கருவியை இயக்கும் வேலை. ஏறத்தாழ 15 கிலோ எடையுள்ள பெட்டியைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாக மாறி, கம்பி கட்டி, எதிரியின் கருவிகள் இடத்தைக் கண்டுபிடிப்பதற்குள் செய்தியை அனுப்பி முடித்து, மறுபடியும் கம்பியைக் கழற்ற வேண்டும். அவ்வாண்டு அக்டோபரில் பிடிபட்டார். 1944 செப்டம்பரில் டாகாவ் முகாமில் கொல்லப்பட்டார். அந்தப் பெட்டியின் எடையை நடிகை உணர்ந்துவிட்டால், அச்சத்தைத் தனியாக நடிக்கத் தேவையில்லை.

சோவியத்தின் 588-ஆவது இரவுக் குண்டுவீச்சுப் படைப்பிரிவும் இதே கதைதான். மரமும் துணியும் கொண்டு கட்டிய பழைய பயிற்சி விமானங்களில், இயந்திரத்தின் ஓசையை அடக்கிச் சறுக்கி வந்து குண்டு வீசிய பெண்களை ஜெர்மானியர்கள் ‘இரவுச் சூனியக்காரிகள்’ என்று அழைத்தார்கள். உலகம் அந்தப் பெயரைப் பிடித்துக்கொண்டது. விடிய விடிய ஒவ்வொரு விமானத்துக்கும் கையாலேயே குண்டுகளைத் தூக்கி மாட்டிய தரைப்பணிப் பெண்களை அது மறந்துவிட்டது.

நம் ஊர் மருத்துவரும் தோட்டத்துப் பெண்களும்

கேப்டன் லட்சுமியை எழுதப் போகிறீர்கள் என்றால், எந்த லட்சுமி என்பதை முடிவு செய்துகொள்ளுங்கள். 1914 அக்டோபர் 24 அன்று மெட்ராஸில் பிறந்து, மெட்ராஸ் மருத்துவக் கல்லூரியில் 1938-இல் பட்டம் பெற்று, 1940-இல் சிங்கப்பூர் சென்று ஏழைத் தொழிலாளர்களுக்கு மருத்துவம் பார்த்தவர் அவர். 1943 ஜூலையில் சுபாஷ் சந்திர போஸ் இந்திய தேசிய இராணுவத்தில் பெண்கள் படை அமைக்கப் போவதாக அறிவித்தார். அந்த அக்டோபர் 22 அன்று சிங்கப்பூரில், ஜான்சி ராணிப் படை என்று பெயரிடப்பட்ட அப்படையின் பயிற்சி முகாம் தொடங்கியது. முந்தின நாள் போஸ் அறிவித்த தற்காலிக இந்திய அரசில் மகளிர் துறைக்கு லட்சுமியே பொறுப்பேற்றார். இத்தனையும் பள்ளி மேடைகளிலேயே சொல்லப்பட்டுவிட்டது.

சொல்லப்படாதது அந்தப் படையில் இருந்த சாதாரணப் பெண்கள். சுமார் ஆயிரம் பேர் என்று சொல்லப்படும் அப்படையில் பெரும்பாலோர் மலாயா ரப்பர்த் தோட்டங்களைச் சேர்ந்த தமிழ்க் குடும்பத்துப் பெண்கள். அவர்களில் பலர் மலாயாவிலேயே பிறந்தவர்கள். இந்தியாவைக் கண்ணால் பார்த்ததில்லை. ஒருமுறைகூடப் பார்த்திராத நாட்டின் தலைநகரை நோக்கி ‘சலோ டில்லி’ என்று நடக்கத் துணிந்தார்கள் என்பதைவிட வலுவான நாடகப் பொருள் எனக்குத் தெரிந்து வேறில்லை. அவர்களை அங்கே கொண்டுவந்த காரணங்களையும் ஒற்றை வார்த்தையில் முடிக்காதீர்கள். ஜப்பானிய ஆக்கிரமிப்பில் தோட்டத் தொழில் முடங்கியிருந்தது. அரிசி கிடைப்பது அரிதாக இருந்தது. சயாம் மரண இரயில் பாதைக்கு ஆட்களைப் பிடித்துக்கொண்டு போனார்கள், போனவர்களில் பல்லாயிரம் தமிழர்கள் திரும்பவில்லை. நாட்டுப்பற்று, பசி, அச்சம், அப்பாவின் சொல், தோழி சேர்ந்தாள் என்ற உற்சாகம், கங்காணியின் பார்வையிலிருந்து விலகும் ஆசை என்று ஒரே முகாமில் பல காரணங்கள் படுத்துறங்கியிருக்கும். ஒவ்வொரு கதாபாத்திரத்துக்கும் ஒரு காரணத்தைப் பிரித்துக் கொடுங்கள். ஒருத்தியின் காரணம் இன்னொருத்திக்குப் பிடிக்காமல் இருக்கட்டும்.

முகாமில் அணிவகுப்பு, துப்பாக்கி, துப்பாக்கிமுனைக் கத்தி, நீண்ட நடைப்பயணம் ஆகியவை கற்பிக்கப்பட்டன. இந்துஸ்தானி மொழியை ரோமன் எழுத்தில் எழுதிக் கற்பித்தார்கள். வீட்டில் தமிழ், வெளியே மலாய், கட்டளை இந்துஸ்தானியில், எழுத்து ஆங்கிலத்தின் எழுத்து என்ற நிலையில் முதல் வாரம் எப்படி இருந்திருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். வலப்பக்கம் திரும்பச் சொன்னால் இடப்பக்கம் திரும்பும் ஒருத்தியை வைத்தே ஒரு காட்சி எழுதலாம். பார்வையாளர் சிரிப்பார்கள், சிரித்த பிறகே அவளை நேசிப்பார்கள்.

இங்கேதான் பெரும்பாலான நாடகங்கள் சறுக்குகின்றன. இம்பால் மலையில் ஜான்சி ராணிப் படைப் பெண்கள் எதிரியைச் சுட்டு வீழ்த்துவதாகக் காட்டிவிடுகிறார்கள். ஜப்பானியரும் இந்திய தேசிய இராணுவமும் 1944 மார்ச்சில் தொடங்கிய இம்பால் படையெடுப்பு அவ்வாண்டின் நடுவிலேயே தோற்றது. பர்மாவின் மேமியோ வரை கொண்டுவரப்பட்ட பெண்கள் அந்தப் போர்முனையில் இறக்கப்படவில்லை. காயம்பட்டு வந்தவர்களைப் பார்த்துக்கொள்வதும் காத்திருப்பதும் பின்வாங்குவதுமே அவர்களுக்கு வாய்த்தது. 1945-இல் ரங்கூனிலிருந்து தாய்லாந்தை நோக்கி, பகலில் விமானத் தாக்குதலுக்கு அஞ்சி ஒளிந்தும் இரவில் நடந்தும் ஒரு குழு திரும்பியது. ‘எங்களை ஏன் அனுப்பவில்லை’ என்ற ஏமாற்றத்தோடு திரும்பி நடக்கும் படையை நம் மேடைக்கு எழுதத் தெரியவில்லை என்பதற்காக, நடக்காத வெற்றியை அவர்களுக்குக் கொடுப்பது மரியாதை ஆகாது. நான் எழுதிய நாடகத்திலும் இறுதியில் ஒரு வெடியோசை வைத்திருந்தேன். கைதட்டலும் கிடைத்தது. இன்று எழுதினால் அந்த இடத்தில் மழையும் கொப்புளம் வெடித்த கால்களும் மட்டுமே இருக்கும்.

எங்கே தேடுவது

தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்திலிருந்து தொடங்கலாம். பழைய தமிழ் இதழ்களுக்கு அதைவிடச் சிறந்த இடம் இல்லை. எழும்பூரில் கன்னிமாரா நூலகமும் தமிழ்நாடு ஆவணக் காப்பகமும் ஒரே நாளில் சுற்றிவரும் தொலைவில் உள்ளன, ஆனால் ஆவணக் காப்பகத்துக்கு முன்கூட்டியே விண்ணப்பித்து அனுமதி பெற வேண்டியிருக்கும் என்பதால் ஒத்திகை தொடங்கிய பிறகு ஓடாதீர்கள்.

தேடும் ஆண்டில் கவனம் தேவை. ஜான்சி ராணிப் படை இயங்கிய 1943, 1944 ஆண்டுகளின் மெட்ராஸ் நாளிதழ்களில் அதைப் பற்றி அதிகம் எதிர்பார்க்காதீர்கள். போர்க்காலத் தணிக்கை கடுமையாக இருந்தது. செங்கோட்டையில் இந்திய தேசிய இராணுவ அதிகாரிகள் மீதான விசாரணை தொடங்கிய 1945 நவம்பருக்குப் பிந்தைய இதழ்களைப் புரட்டுங்கள். 1946 மார்ச்சில் லட்சுமி இந்தியா திரும்பியதை ஒட்டிய மாதங்களும் பயன் தரும். செய்தியை மட்டும் படித்துவிட்டு எழுந்துவிடாமல் விளம்பரங்களையும் பாருங்கள். அக்காலத்துப் படைச்சேர்ப்பு விளம்பரங்களில் பெண் எப்படிப் புன்னகைக்கிறாள், அவளுடைய சீருடை எவ்வளவு மடிப்புக் கலையாமல் இருக்கிறது என்பதைக் கவனித்தால், படைப் பெண்ணை அழகுப் பொருளாக்கும் பழக்கம் திரைப்படத்திலிருந்து மட்டும் வந்ததில்லை, அரசின் விளம்பரத்திலிருந்தும் வந்தது என்பது விளங்கும்.

புனித ஜார்ஜ் கோட்டை அருங்காட்சியகத்தில் படைக்கலங்களையும் சீருடைகளையும் நேரில் பார்க்கலாம். நந்தம்பாக்கத்தில் மவுண்ட்-பூந்தமல்லி சாலையில் உள்ள போர்க் கல்லறைக்கும் ஒரு காலை நேரம் ஒதுக்குங்கள். ஒரே அளவான கற்களில் எண், பதவி, பெயர், படைப்பிரிவு, நாள், வயது என்று வரிசையாகப் பொறித்திருப்பார்கள். ஒரு மனிதரை இராணுவம் எந்த வரிசையில் நினைவில் வைக்கிறது என்பது அங்கே புரியும். முதலில் எண், பெயர் அதற்குப் பிறகு.

பெரியவர்களிடம் கேட்பது தனிக் கலை. மகளிர் துணைப்படையில் பணியாற்றியவர்களில் ஆங்கிலோ-இந்தியப் பெண்கள் கணிசமாக இருந்ததால், பெரம்பூர், வேப்பேரி, பரங்கிமலைப் பகுதிக் குடும்பங்களில் ஒரு பழைய புகைப்படமாவது சுவரில் இருக்க வாய்ப்புண்டு. பர்மாவிலிருந்து திரும்பியோர் குடியேறிய வியாசர்பாடியில் பாட்டியின் கதையைப் பேத்தி சொல்லக் கேட்கலாம். அவர்களிடம் ‘போர் எப்படி இருந்தது’ என்று கேட்டால் பாடப்புத்தகத்தில் உள்ளதையே திருப்பிச் சொல்வார்கள். ‘பூட்ஸ் கடித்ததா என்று பாட்டி எப்போதாவது சொன்னதுண்டா, முடியை என்ன செய்தார்களாம், மாதவிலக்கு நாட்களில் துணிக்கு எங்கே போனார்களாம், திரும்பி வந்த பிறகு மாப்பிள்ளை பார்க்கும்போது அதைச் சொன்னார்களா மறைத்தார்களா’ என்று கேளுங்கள். மூன்றாவது கேள்வியைப் பெண்கள் கேட்டால் பதில் வரும். என்னைப் போன்றவர்கள் அந்த நேரத்தில் வெளித்திண்ணையில் இருப்பது நல்லது. சொன்னவரின் பெயரைப் பயன்படுத்தும் முன் குடும்பத்தாரின் ஒப்புதலைப் பெற்றுவிடுங்கள்.

சீருடை, கொடி, சுவரொட்டி

எங்கள் நாடகத்துக்கு வடபழனிப் பக்கம் ஒரு கடையில் சீருடையை வாடகைக்கு எடுத்தோம். காக்கி சரியாகத்தான் இருந்தது. தொப்பியில் பளபளவென்று ஒரு முத்திரை இருந்ததை யாரும் உற்றுப் பார்க்கவில்லை. நாடகம் முடிந்ததும் முன்வரிசையிலிருந்த ஓய்வுபெற்ற படைவீரர் ஒருவர் மேடைக்குப் பின்னால் வந்து, “தம்பி, நாடகம் நன்றாக இருந்தது. ஆனால் 1943-இல் அந்தப் பெண்ணின் தொப்பியில் அசோகச் சிங்கம் எப்படி ஏறியது?” என்று கேட்டார். அது 1950 ஜனவரி 26-க்குப் பிறகே நாட்டின் சின்னமானது. கடைக்காரரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆண்டு எது என்று நாங்கள் அவரிடம் சொல்லவே இல்லை.

ஆகவே முத்திரை, பதக்க நாடா, தோள்பட்டைக் குறி ஆகிய மூன்றையும் தனித்தனியே சரிபாருங்கள், உறுதியில்லாததைக் கழற்றிவிடுங்கள். தவறான பதக்கத்தைவிட வெறும் சட்டை மேல். ஜான்சி ராணிப் படைக் காட்சியில் கொடி வந்தால் நடுவில் சக்கரம் இருக்கக்கூடாது, இராட்டை இருக்க வேண்டும். கூந்தலை விரித்துவிட்டுக் காற்றாடியை முன்னால் வைக்கும் ஆசையை இயக்குநர் அடக்கிக்கொள்ள வேண்டும்; அக்காலப் புகைப்படங்களில் கூந்தல் தொப்பிக்குள் ஒடுங்கியிருக்கும்.

சுவரொட்டி வரைபவர், தலையில் சிவப்புத் துணி கட்டி மடக்கிய கையைக் காட்டும் அந்த அமெரிக்கப் பெண்ணின் படத்தைத் தழுவக் கூடாது. 1943-இல் ஒரு தொழிற்சாலையின் ஊழியர்களுக்காக ஒட்டப்பட்ட படம் அது. உலகப் புகழ் பெற்றது 1980-களில்தான். அதில் இருப்பவர் படைவீரரும் அல்லர்.

தாய், தெய்வம், அழகி

நம் மரபில் போரோடு சேர்த்துப் பாடப்படும் பெண் பெரும்பாலும் அனுப்பி வைப்பவள். தந்தை களத்தில் மடிந்து, கணவனும் நேற்று மடிந்த பிறகு, இன்று போர்ப்பறை கேட்டதும் ஒரே மகனின் கையில் வேலைக் கொடுத்து அனுப்பும் தாயை ஒக்கூர் மாசாத்தியார் புறநானூற்றின் 279-ஆம் பாட்டில் காட்டுகிறார். அந்தத் தாயின் நிழல் நம் திரைவசனங்களில் இன்றும் நீள்கிறது. போருக்குத் தானே போகும் பெண்ணை எழுத வரும்போது நமக்குச் சொல் முட்டுவதால், உடனே அவளைக் காளியாகவோ துர்க்கையாகவோ ஆக்கிவிடுகிறோம். தெய்வத்துக்கு ஜலதோஷம் பிடிக்காது, ரேஷன் குறையாது, மேலதிகாரியோடு மனக்கசப்பு வராது. நீங்கள் எழுதும் பெண்ணுக்கு இவை மூன்றும் வர வேண்டும்.

அழகியாக்குவது வேறு வகைப் பிழை. 309 எதிரிகளைச் சுட்டதாகக் கணக்கிடப்பட்ட சோவியத் குறிசுடுநர் லியுட்மிலா பவ்லிசென்கோ 1942-இல் அமெரிக்கா சென்றபோது, செய்தியாளர்கள் போர்முனையில் ஒப்பனை செய்துகொள்ள அனுமதி உண்டா என்றும் அவருடைய சீருடையின் வெட்டு பற்றியும் கேட்டார்கள். உங்கள் நாடகத்தில் ஒரு செய்தியாளர் கதாபாத்திரம் இருந்தால் இக்கேள்விகளை அவரிடம் கொடுங்கள். ஒப்பனையாளரிடம் கொடுக்காதீர்கள்.

வேலு நாச்சியார் நாடகத்துக்கு ஒரு குறிப்பு. 1772-இல் காளையார்கோவிலில் அவருடைய கணவர் முத்துவடுகநாதர் கொல்லப்பட்டதும் 1780-இல் நாச்சியார் சிவகங்கையை மீட்டதும் வரலாறு. உடலில் எண்ணெய் ஊற்றித் தீவைத்துக்கொண்டு வெடிமருந்துக் கிடங்கில் பாய்ந்த குயிலி, மக்கள் வழக்காற்றில் ஆழமாக வாழ்பவர். இரண்டுக்கும் மேடையில் வெவ்வேறு குரல் கொடுங்கள். நாச்சியாரை நிகழ்ச்சியாகக் காட்டலாம். குயிலியை ஒரு கிழவி கதையாகச் சொல்லட்டும், கேட்பவர்கள் நடுவில் குறுக்கிடட்டும். குயிலிக்கு ‘உலகின் முதல்’ என்று தொடங்கும் பட்டங்களைச் சூட்டும் வசனத்தை அடித்துவிடுங்கள். அவருக்கு அது தேவைப்படவில்லை.

1971 போரைக் களமாகக் கொள்பவர்கள் பெண் காலாட்படை அதிகாரியைப் படைத்துவிட வேண்டாம்; அன்று நம் இராணுவத்தில் பெண்களுக்கு மருத்துவ, செவிலியர் பணிகளே திறந்திருந்தன. பிற பிரிவுகளுக்கான பெண் அதிகாரிகளின் முதல் அணி நம் பரங்கிமலை அதிகாரிகள் பயிற்சிக் கழகத்தில் 1992-இல்தான் பயிற்சி தொடங்கி 1993 மார்ச்சில் பதவியேற்றது.

ஈழப் போரில் ஆயுதம் ஏந்திய பெண்களை எழுதுவோர் கூடுதல் பொறுப்போடு எழுத வேண்டும். அவர்களில் உயிரோடிருப்பவர்களும் அவர்களுடைய குடும்பங்களும் நம்மிடையே இருக்கிறார்கள். அடையாளம் வெளிப்பட்டால் பாதிப்பு அவர்களுக்கே. விரும்பிச் சேர்ந்தவர்களும், சிறுவயதிலேயே கட்டாயமாகச் சேர்க்கப்பட்டவர்களும் ஒரே வரிசையில் நின்றார்கள் என்ற உண்மையை மறைக்கும் எந்த வசனமும் ஒருத்திக்காவது துரோகம் செய்யும்.

ஒத்திகைக்கு முன்

எழுதியதை இருவரிடம் படிக்கக் கொடுங்கள்: படையில் பணியாற்றிய ஒருவரிடமும், படையைப் பற்றி ஒன்றும் அறியாத உங்கள் அத்தையிடமும். முதலாமவர் பிழைகளைச் சொல்வார். அத்தை எந்த இடத்தில் தொலைக்காட்சிப் பக்கம் திரும்புகிறார் என்று பாருங்கள். பெரும்பாலும் அந்த மூன்று நிமிட வசனத்தின்போதாகத்தான் இருக்கும்.

நடிகைக்கு வசனத்தைக் கொடுக்கும் முன் பூட்ஸை வாங்கிக் கொடுங்கள். வாடகைக் கடைகளில் ஆண்களின் அளவுகளே அதிகம் கிடைக்கும் என்பதால் மூர் மார்க்கெட் பக்கமோ பழைய பொருள் விற்கும் இடங்களிலோ தேட வேண்டியிருக்கும். அளவு சற்றுப் பெரிதாக இருந்தாலும் குற்றமில்லை, துணியைச் சுற்றிப் போட்டுக்கொள்ளச் சொல்லுங்கள். இரண்டு வாரம் காலையில் கலங்கரை விளக்கத்திலிருந்து உழைப்பாளர் சிலை வரை, தோளில் மணல் மூட்டையோடு மெரினா மணலிலேயே அவர் நடக்கட்டும். நடை மாறிய பிறகு முதல் ஒத்திகைக்கு நாள் குறியுங்கள்.